யாருடைய காணி என்று முதலில் சொல்லுங்கள்

சென்ற மாதம் ஒரு நாள் அந்திக் கொழுந்து நிறுத்து முடிந்த கையோடு மூன்று பேர் எமது சங்கத்தின் கிளைக் காரியாலயத்துக்கு வந்தார்கள். ஓய்வு பெற்ற ஓர் அம்மா, அவருடைய மூத்த மகன், பத்தாம் வகுப்புப் படிக்கும் பேத்தி. அம்மாவின் கையில் ஒரு பிளாஸ்டிக் உறை, அதற்குள் மடித்த ஒரு கடிதம். கடிதம் சிங்களத்தில் இருந்தது. பேத்திதான் எழுத்துக் கூட்டி வாசித்து, இது அரசாங்கக் காணியாம், முப்பது நாளைக்குள் எல்லோரும் எழும்பிப் போகணுமாம் என்று வீட்டாருக்கு விளங்கப்படுத்தியிருக்கிறாள்.

கடிதத்தின் திகதியைப் பார்த்தோம். 18 நாட்கள் போயிருந்தன. ஏன் இவ்வளவு நாளும் வரவில்லை என்று கேட்டோம். "தலைவர் பாத்துக்கிறேன்னு சொன்னாருங்க. மேல பேசியாச்சு, ஒண்ணும் ஆகாதுன்னாரு" என்றார் மகன். அந்தத் தலைவர் எமது சங்கத்தவர்தான். அதைப் பற்றியும் பேசத்தான் வேண்டும், பிறகு பேசுவோம்.

வீடு இருப்பது லயத்துக்குக் கீழே, தேயிலை அழிந்து மானாப்புல் ஏறிய சரிவில். ஒரே காம்பராவில் மூன்று குடும்பம் நெருக்கியடித்துக் கிடந்த காலத்தில், அப்போதிருந்த பெரிய தொரை "அந்தப் பக்கம் கட்டிக்கொள்ளுங்கள்" என்று வாயால் சொன்னார். எழுத்தில் ஒன்றும் கொடுக்கவில்லை. அம்மாவின் ஈ.பீ.எஃப். காசில் கல்லும் சீமெந்தும் வாங்கி, ஞாயிற்றுக்கிழமைகளில் சுவர் எழுப்பி, தகரம் போட்டார்கள். மின்சார சபை மீற்றர் கொடுத்தது. வாக்காளர் இடாப்பில் பெயர் ஏறியது. தேர்தல் வரும்போது எல்லாக் கட்சிக்காரர்களும் அந்த வாசலில் நின்று தேத்தண்ணி குடித்திருக்கிறார்கள்.

காணி யாருடையது? கம்பனியைக் கேட்டால் தமது குத்தகைக்குள் வருகிறது என்கிறது. சில வருடங்களுக்கு முன் காணி மறுசீரமைப்பு ஆணைக்குழுவிலிருந்து என்று சொல்லிக்கொண்டு ஆட்கள் வந்து சங்கிலி பிடித்து அளந்துவிட்டுப் போனார்கள். போன வருடம் டவுனிலிருந்து ஒரு முதலாளி ஓர் உறுதிப் பத்திரத்தைக் காட்டி, தனது பாட்டனின் காணி என்றார். ஒரு சரிவுக்கு இத்தனை சொந்தக்காரர்கள். இவர்களுக்குள் வழக்கு முடியவில்லை, வழக்கு தொடங்கவேயில்லை. ஆனால் வெளியேறச் சொல்லிக் கடிதம் வந்தது அந்த அம்மாவுக்கு மட்டும்தான்.

யாருடைய காணி என்று தீராத இடத்தில், அதில் குடியிருப்பவரை முதலில் வெளியேற்றிவிட்டுப் பிறகு சொந்தக்காரரைத் தேடும் இந்த முறை தலைகீழானது. காணி தன்னுடையது என்று சொல்கிறவர்தான் அதை நிரூபிக்க வேண்டும், அது அரசாங்கமாக இருந்தாலும் சரி. எமது சங்கத்தின் நிலைப்பாடு இதுதான்.

அந்தக் கடிதம் எந்தச் சட்டத்தின் கீழ் வருகிறது என்பதை எமது உறுப்பினர் ஒவ்வொருவரும் தெரிந்து வைத்திருக்க வேண்டும். 1979 ஆம் ஆண்டின் 7 ஆம் இலக்க அரச காணிகள் (உடைமை மீளப்பெறல்) சட்டம். இதன்படி, தகுதிவாய்ந்த அதிகாரி என்று சொல்லப்படும் ஒருவர், ஒரு காணி அரச காணி என்றும் அதில் ஒருவர் அனுமதியின்றி இருக்கிறார் என்றும் அபிப்பிராயப்பட்டால் போதும், வெளியேறும்படி அறிவித்தல் கொடுக்கலாம். குறைந்தது 30 நாள் தவணை. போகாவிட்டால் நீதவான் நீதிமன்றத்தில் விண்ணப்பம் போடுவார். அங்கே போனால் எமது கதையைச் சொல்லலாம், எத்தனை தலைமுறையாக இருக்கிறோம் என்று சொல்லலாம் என்றுதான் எம்மில் பலர் நினைக்கிறோம். முடியாது. அந்தச் சட்டத்தின் 9 ஆம் பிரிவின்படி நாம் காட்டக்கூடியது ஒன்றே ஒன்று: அரசு கொடுத்த, இன்னமும் செல்லுபடியாகும் அனுமதிப் பத்திரம், அல்லது அரசின் வேறு எழுத்து மூல அதிகாரம். இது அரச காணி அல்ல என்று வாதாட அங்கே இடமில்லை. அதிகாரியைப் பார்த்து உன்னிடம் என்ன ஆதாரம் இருக்கிறது என்று கேட்க நீதவானுக்கும் அதிகாரமில்லை. பத்திரம் இல்லையா, வெளியேற்றும் கட்டளை. அந்தக் கட்டளைக்கு எதிராக மேன்முறையீடும் கிடையாது.

பெரிய தொரையின் வாய்ச்சொல் அந்த இடத்தில் ஒரு சதத்துக்கும் பெறாது. அவர் எழுதியே கொடுத்திருந்தாலும், கம்பனியின் கடிதம் அரசின் எழுத்து மூல அதிகாரம் ஆகாது என்று மறுபக்கத்துச் சட்டத்தரணி எழும்பி நிற்பார்.

உண்மையான சொந்தக்காரர் என்றால் மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குப் போடலாம், கட்டளை வந்த நாளிலிருந்து 6 மாதத்துக்குள். வென்றால் நட்டஈடு. சட்டம் இப்படி ஒரு வாசலையும் திறந்துதான் வைத்திருக்கிறது. ஆனால் அதற்குள் கூரைத் தகரம் எங்கே இருக்கும், பிள்ளைகள் எந்தப் பள்ளிக்கூடத்தில் இருப்பார்கள்? சொந்தம் கொண்டாடும் டவுன் முதலாளிக்கு 6 மாதமும் மாவட்ட நீதிமன்றமும் சரிவரும். அவர் அந்தச் சரிவில் படுத்து உறங்குகிறவர் அல்ல.

1982 இல் உயர் நீதிமன்றமே ஒரு வழக்கில், காணியின் உரித்தில் உண்மையான சந்தேகம் இருக்கும் இடத்தில் இந்தச் சட்டத்தைப் பாவித்து ஆட்களை வெளியேற்றக் கூடாது என்ற கருத்தைச் சொன்னது. முதலில் வெளியேற்றி, பிறகு வழக்காடி வரட்டும் என்று விடுவது சரியல்ல என்றது. அதற்கு வந்த பதில் என்ன தெரியுமா? அடுத்த வருடமே, 1983 இன் 29 ஆம் இலக்கத் திருத்தச் சட்டம். அறிவித்தல் கிடைத்தவருக்கு விசாரணை கேட்கவோ முறைப்பாடு சொல்லவோ உரிமை இல்லை என்று அதில் எழுதிவிட்டார்கள். நீதிமன்றம் திறந்த கதவைப் பாராளுமன்றம் சாத்தியது. அன்று முதல் எத்தனையோ அரசாங்கங்கள் மாறின. எல்லாக் கட்சிகளின் ஆட்சியிலும் எமது மக்களின் பிரதிநிதிகள் அமைச்சர்களாக இருந்திருக்கிறார்கள். அந்தக் கதவு சாத்தியபடியேதான் இருக்கிறது.

தோட்டத்துக்கு இந்தச் சட்டம் எப்படி வருகிறது என்று சிலர் கேட்பார்கள். தோட்டம் கம்பனியுடையதல்லவா? இல்லை, தோழர்களே. 1972 இலும் 1975 இலும் காணிச் சீர்திருத்தத்தின் கீழ் தோட்டங்கள் அரசுடைமை ஆகின. ஜனவசமவும் அரச பெருந்தோட்டக் கூட்டுத்தாபனமும் நடத்தின. 1992 இல் நிர்வாகம் கம்பனிகளின் கைக்குப் போனது. பிறகு 53 வருடக் குத்தகை, 2045 வரை. கம்பனி குத்தகைக்காரன்தான். நிலம் அரசுடையது. ஆகவே தொரைமாருடைய பிரச்சினைக்கும் இந்தச் சட்டம் கைகொடுக்கிறது, பெருந்தோட்ட அமைச்சின் தகுதிவாய்ந்த அதிகாரியின் கையொப்பத்தோடு.

இராகலை ஸ்டாபர்ட் தோட்டத்தில் இப்படித்தான் ஒருவருக்கு அறிவித்தல் போனது. அவர் கண்டியிலுள்ள மாகாண மேல் நீதிமன்றத்தில் எழுத்தாணை கேட்டார். மாகாண மேல் நீதிமன்றத்துக்கு அந்த அதிகாரம் உண்டா இல்லையா என்ற கேள்வி உயர் நீதிமன்றம் வரை போனது. 2013 செப்டம்பர் 26 இல் தீர்ப்பு வந்தது: அரச காணி மாகாணத்துக்குரிய விடயம் அல்ல, மாகாண மேல் நீதிமன்றம் இதை விசாரிக்க முடியாது. கொழும்புப் பத்திரிகைகள் இதை 13 ஆம் திருத்தத்தின் காணி அதிகாரம் பற்றிய பெரிய அரசியல் தீர்ப்பாக எழுதின. வடக்கு கிழக்கில் பேசினார்கள், டெல்லியிலும் பேசினார்கள். அந்த வழக்கு ஒரு தேயிலைத் தோட்டத்து மனிதருக்கு வந்த வெளியேற்றல் கடிதத்தில் தொடங்கியது என்பது பலருக்கு இன்றும் தெரியாது. எமக்கு அதில் கிடைத்த பலன் வேறு. கண்டிக்குப் போனால் முடிந்திருக்கும் காரியத்துக்கு இப்போது கொழும்புக்குப் போக வேண்டும், மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கு. ஒவ்வொரு தவணைக்கும் ஒரு நாள் பேர் போடுவதில்லை, பஸ் காசு, சட்டத்தரணியின் காசு.

இது புதிய கதையும் அல்ல. இதைவிடப் பெரிய ஒன்று சுதந்திரத்துக்கு முன்பே நடந்தது. கேகாலை மாவட்டத்து நேவ்ஸ்மியர் தோட்டம், எமது பெரியவர்கள் உருளவள்ளி என்பார்கள். கிராம விஸ்தரிப்புக்கென்று அரசாங்கம் அந்தத் தோட்டத்தை எடுத்தது. 1946 இல், லயங்களில் இருந்த நூற்றுக்கணக்கான தொழிலாளர் வெளியேற வேண்டும் என்று அறிவித்தல் கொடுத்தது. அவர்கள் போகவில்லை. அவர்களுக்காக லட்சத்துக்கும் அதிகமான தோட்டத் தொழிலாளர் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். போகாமல் இருந்தவர்கள்மீது, அத்துமீறி நுழைந்த குற்றம் என்று வழக்குப் போட்டார்கள். அதில் ஒரு தொழிலாளியின் வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போனது. கொண்டுபோனவர் தொழிலாளி அல்ல. நீதவான் கொடுத்த தண்டனையை இங்கே மேல் மன்றம் நீக்கியது பொறுக்காமல் முடிக்குரிய அரசாங்கமே கொண்டுபோனது.

1950 இல் தீர்ப்பு வந்தது. அரசாங்கம் தோற்றது. காலங்காலமாக இருந்த வீட்டை விட மாட்டேன் என்று ஒருவன் இருந்தால், அவன் நோக்கம் வீட்டைக் காப்பதுதான், யாருக்கும் தொல்லை கொடுப்பதல்ல, ஆகவே அது குற்றமல்ல என்பது அதன் சாரம். அதோடு இன்னொன்றும் சொன்னார்கள். இருப்பதற்கு உரிமை உண்டா இல்லையா என்பது சிவில் வழக்கு. அதைச் செலவில்லாமல் சுருக்காக முடித்துக்கொள்ளும் குறுக்கு வழியாகக் குற்றவியல் சட்டத்தைப் பாவிக்கக் கூடாது.

லயக் காம்பராவில் இருந்த, எழுதப் படிக்கத் தெரியாத எமது ஆட்கள் வென்ற தீர்ப்பு அது. பள்ளிக்கூடப் புத்தகத்தில் இல்லை. எமது மேதினக் கூட்டங்களில்கூட நாம் அதைச் சரியாகச் சொல்வதில்லை. 29 வருடம் கழித்து 1979 இல், பிரிவி கவுன்சில் கூடாது என்று சொன்ன அதே சுருக்கு வழியை வேறு பெயரில் சட்டமாகவே ஆக்கினார்கள்.

இடையில் 1977. நுவரெலியா மாவட்டத்தில் 7000 ஏக்கர் தோட்டக் காணியைப் பிரித்துக் கொடுக்கப் போனபோது, எமது மக்கள் வழி மறித்தார்கள். மே 11 ஆம் திகதி டெவன் தோட்டத்தில் பொலிஸ் சுட்டது. சிவனு லெட்சுமணன் விழுந்தார். ஒவ்வொரு மே மாதமும் மாலை போடுகிறோம். அவர் எதற்காக நின்றார் என்பதை இந்த 30 நாள் கடிதங்கள் வரும்போது நினைக்கிறோமா?

இனி, அரசு கேட்கும் அந்தப் பத்திரத்துக்கு வருவோம். பக்கத்துக் கிராமத்தில் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ் பேர்மிட் இருக்கிறது, அளிப்புப் பத்திரம் இருக்கிறது. 1935 முதல் ஒவ்வொரு அரசாங்கமும் கிராமத்து மக்களுக்கு அதைக் கொடுத்து வந்தது. அந்த மக்களுக்குக் கிடைத்ததில் எமக்குப் பொறாமை இல்லை, அவர்களும் ஏழைகள்தான். ஆனால் தோட்டத்து வேலிக்கு உள்ளே அந்தப் பேர்மிட் வரவேயில்லை. 1948 இல் பிரஜாவுரிமை போனது. பிரஜை இல்லாதவனுக்கு ஏது காணி? பிரஜாவுரிமை திரும்பி வந்த பிறகும் காணி வரவில்லை. 1987 ஆம் ஆண்டின் பிரதேச சபைச் சட்டத்தின்படி தோட்டத்துக்குள் ஒரு பாதை போடக்கூடச் சபையால் முடியாமல் இருந்தது. 2018 இல்தான் அதைத் திருத்தினார்கள். 7 பேர்ச் திட்டத்தில் வீடு கிடைத்தவர்களிலும் சாவி இருந்தும் உறுதி இல்லாத குடும்பங்கள் ஏராளம். வாங்கவே வழி இல்லாமல் வைத்துவிட்டு, பத்திரம் எங்கே என்று கேட்கிறார்கள்.

எமக்கு ஒரு பிடி உண்டு, அதையும் சொல்ல வேண்டும். 1971 ஆம் ஆண்டின் 2 ஆம் இலக்கத் தோட்டக் குடியிருப்பு (விசேட ஏற்பாடுகள்) சட்டம். தோட்டத் தொழிலாளியின் வேலை நின்றாலும், நீதிமன்றக் கட்டளை இல்லாமல் அவரைக் குடியிருப்பிலிருந்து வெளியேற்ற முடியாது. தொரை வந்து காம்பராவுக்குப் பூட்டுப் போட்டால், கூரையைக் கழற்றினால், அது சட்டவிரோதம். 2023 ஆகஸ்டில் மாத்தளை எல்கடுவப் பக்கம் ஒரு தோட்டத்தில் தற்காலிகக் குடிசை இடிக்கப்பட்ட காட்சியை நாடே தொலைபேசியில் பார்த்தது. இப்படிக் கையால் இடிக்கும் அதிகாரம் எந்தச் சட்டத்திலும் எவருக்கும் இல்லை. ஆனால் லயத்துக்கு வெளியே நாமாகக் கட்டிக்கொண்ட வீட்டுக்கு 1971 சட்டம் எவ்வளவு தூரம் துணை வரும் என்பது வாதாடித்தான் தெரியவேண்டிய விடயம். அந்த அம்மாவின் வீடு அப்படிப்பட்டது.

அரச காணியைக் காப்பாற்ற ஒரு சட்டமே வேண்டாம் என்று நாம் சொல்லவில்லை. அப்படிச் சொன்னால் முதலில் நட்டப்படுவது நாம்தான். தேயிலையைப் பிடுங்கி எறிந்துவிட்டு ஹோட்டல் கட்டுகிறவர்கள், அரசியல் செல்வாக்கோடு ஏக்கர் கணக்கில் கம்பி அடிக்கிறவர்கள், ஆற்றோரத்தை நிரப்புகிறவர்கள், இவர்களை அகற்றச் சுருக்கான சட்டம் வேண்டும்தான். எமக்குள்ளும் சிலர் அடுத்த வீட்டு விதவையின் மரக்கறித் துண்டை வளைத்துக்கொண்டு தோட்டக் கமிட்டியில் சண்டை வளர்ப்பது தெரியாததல்ல. மண்சரிவு ஆபத்து என்று கட்டட ஆராய்ச்சி நிறுவனம் குறித்த இடத்திலிருந்து எழும்பச் சொன்னால் எழும்பத்தான் வேண்டும். மீரியபெத்தையை 2014 இல் பார்த்தோம், மறக்கவில்லை. அங்கேயும் மாற்று இடத்துக்கு உறுதியோடு எழும்பச் சொல்லுங்கள் என்பதே எமது கோரிக்கை.

நாம் கேட்பது பெரிய புரட்சி ஒன்றும் அல்ல. 9 ஆம் பிரிவைத் திருத்துங்கள். குடியிருப்பவர், இந்தக் காணி அரசுடையதா என்பதே சந்தேகம் என்று நியாயமான காரணம் காட்டினால், நீதவான் அதைக் கேட்கட்டும். எந்த வர்த்தமானியில் இந்தக் காணி அரசுக்கு வந்தது, எந்த நில அளவைப் படத்தில் இருக்கிறது, குத்தகையின் அட்டவணைக்குள் வருகிறதா வெளியே நிற்கிறதா என்று அதிகாரி காட்டட்டும். காட்ட முடியாவிட்டால் மாவட்ட நீதிமன்றத்தில் உரித்துத் தீரும் வரை அந்தக் குடும்பம் இருந்த இடத்திலேயே இருக்கட்டும். 1983 இல் எடுத்த விசாரணை உரிமையைத் திருப்பித் தாருங்கள். அறிவித்தல் தமிழில் வரட்டும். தமிழ் அரசகரும மொழி என்று அரசியலமைப்பில் எழுதியிருக்கிறது. பத்தாம் வகுப்புப் பிள்ளை மொழிபெயர்த்துத்தான் தாயும் தகப்பனும் தங்கள் வீடு போகப் போவதை அறிய வேண்டுமா?

பாராளுமன்றத்திலுள்ள எமது பிரதிநிதிகள், எந்தக் கட்சியானாலும், கம்பனிகளின் குத்தகையைப் பற்றிப் பேசும் ஒவ்வொரு முறையும் இதையும் பேச வேண்டும். 2045 வந்த பிறகு பேசலாம் என்று இருக்க முடியாது.

இப்போது அந்தத் தலைவரின் கதை. அவர் கெட்டவர் அல்ல. கடிதத்தை வாங்கினார், படம் எடுத்து வாட்ஸ்அப்பில் அனுப்பினார், "பேசியாச்சு" என்றார். எல்லாச் சங்கங்களிலும் நாம் தலைவர்களை இப்படித்தான் பழக்கியிருக்கிறோம். சம்பளப் பிரச்சினை, பேர் போடாத பிரச்சினை, கொழுந்துக் கிலோ பிரச்சினை எல்லாம் தொரையோடு பேசித் தீரும். நீதிமன்றத் திகதி பேசித் தீராது. அமைச்சர் தொலைபேசி எடுத்தாலும் 30 நாள் ஓடிக்கொண்டேதான் இருக்கும். அழைப்பாணை வந்த நாளில் நீதிமன்றத்தில் ஆள் இல்லாவிட்டால் கட்டளை விழும். அந்த 18 நாட்களுக்கு எமது சங்கம் அந்தக் குடும்பத்திடம் மன்னிப்புக் கேட்டது. இங்கேயும் எழுதி வைக்கிறோம்.

கடிதம் வந்தால் உறையைக்கூட எறியாதீர்கள், தபால் முத்திரைத் திகதி அதில்தான் இருக்கும். கதவில் ஒட்டியிருந்தால் ஒட்டியபடியே படம் எடுங்கள். தலைவரிடம் பிரதியைக் கொடுங்கள், மூலத்தைக் கொடுக்காதீர்கள். யாராவது ஒரு படிவத்தைக் கொண்டுவந்து கையொப்பம் கேட்டால், அது என்ன என்று தெரியாமல் போடாதீர்கள். "அனுமதியின்றி இருக்கிறேன்" என்று நீங்களே ஒப்புக்கொள்ளும் வரி அதில் இருக்கலாம். கரண்ட் பில், வாக்காளர் இடாப்புப் பிரதி, பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழில் உள்ள விலாசம், பழைய செக்ரோல் இலக்கம், இவை எல்லாம் 9 ஆம் பிரிவு கேட்கும் பத்திரம் அல்ல என்பது உண்மை. ஆனாலும் மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை கேட்கும்போது சட்டத்தரணிக்கு அவை வேண்டும். பிஸ்கட் டின்னில் போட்டு வையுங்கள். கடிதம் வராத வீட்டிலும் இன்றைக்கே போட்டு வையுங்கள்.

2016 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டம் இருக்கிறது. அதில் எழுதிக் கேட்டால், வேலை நாட்கள் 14 இற்குள் கொடுக்க முடியுமா முடியாதா என்றாவது பதில் சொல்ல வேண்டும். அந்த அம்மாவின் பெயரில் பிரதேச செயலகத்துக்கும் காணி மறுசீரமைப்பு ஆணைக்குழுவுக்கும் பெருந்தோட்ட அமைச்சுக்கும் ஒரே கேள்வியை அனுப்பியிருக்கிறோம்: லயத்துக்குக் கீழே உள்ள இந்தச் சரிவு யாருடையது, எந்த வர்த்தமானி, எந்தப் படம்? சட்டத்தரணி மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கான பத்திரங்களைத் தயார் செய்துவிட்டார். நீதவான் நீதிமன்றத் தவணைக்கு எமது மாதர் சங்கத் தலைவிமார் இருவர் அம்மாவோடு போகிறார்கள்.

இதை எழுதும்வரை எமது கேள்விக்கு ஒரு பதில் வந்திருக்கிறது. உங்கள் விண்ணப்பம் மற்றத் திணைக்களத்துக்கு அனுப்பப்பட்டுள்ளது என்று அதில் இருக்கிறது. அதுவும் சிங்களத்தில்தான். பேத்தி வாசித்துச் சொன்னாள்.